சைரன் ஊதினால் இறங்குகிற பிள்ளைகள்

1

நேற்று ஆஸ்பத்திரியில் அபாய மணி அடித்தது. சோதனைக்காகத்தான் அடித்தார்கள். வாரா வாரம் அடிப்பதுதான். வேலைக்கு வந்ததும் சுவரில் ஒட்டியிருந்த அறிவிப்பை நானே நின்று படித்தேன். இருந்தும் மணி அடித்த அடியில் எல்லாம் மறந்துவிட்டது. பரிசோதனைக்கு நான் இரத்தம் எடுப்பதற்காகக் கையை நீட்டி உட்கார்ந்திருந்த ஒரு பெரியவரை அப்படியே விட்டுவிட்டு, கையில் ரப்பர் பட்டையோடு மாடிப்படி இறங்கி ஓடி, கார் நிறுத்துமிடத்தில் போய் நின்றேன். தூறிக்கொண்டிருந்தது. அத்தனை பெரிய கட்டடத்திலிருந்து வெளியே வந்த ஒரே ஜீவன் நான்தான்.

மேற்பார்வை பார்க்கும் ஜேனட் குடையோடு தேடிக்கொண்டு வந்தாள். "குழா, வெறும் சோதனைதானே, என்ன ஆச்சு?" என்றாள். என் முழுப் பெயர் குழல்வாய்மொழி. குற்றாலத்து அம்மன் பெயர். லண்டனுக்கு மேற்கே இருக்கிற இந்தக் கார்டிஃப் ஊரில் அது யார் வாயிலும் நுழையாமல், பாதியில் ஒடிந்து குழாவாகிவிட்டது. நம்மூர்க்காரர்கள் கேட்டால் தண்ணீர்க் குழாயைக் கூப்பிடுகிறார்கள் என்றுதான் நினைப்பார்கள்.

நான் பதற்றத்தில், "எங்கள் ஊரில் இந்தச் சத்தம் கேட்டால் தண்ணீர் வரும்" என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டேன். ஜேனட், "தீப்பிடித்தால் தண்ணீர் வருவது நல்லதுதானே" என்று சிரித்தாள். அவளுக்கு எங்கிருந்து விளக்குவது? சிரித்து வைத்தேன். மேலே போய்ப் பெரியவரிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு இரத்தம் எடுத்தேன்.

ஊரில் இப்போது சாரல் தொடங்கிவிட்டது என்று தம்பி சொன்னான். ஊர்க்காரர்களே, நீங்களெல்லாம் சாரல் என்றதும் பையில் துண்டை எடுத்து வைப்பீர்கள். எனக்கு ஈரக்குலை நடுங்கும். போன சீசனில் நடந்ததைச் சொன்னால் ஏன் என்று புரியும்.

2

நான் பிறவிப் பயந்தாங்கொள்ளி. அதை மறைக்க ஒன்றுமில்லை. தென்காசியில் எங்கள் தெருவில் எல்லோருக்கும் தெரியும்.

எங்கள் வீட்டில் எல்லோரும் சேர்ந்து குற்றாலத்துக்குக் குளிக்கப் போனால் ஒரு ஆள் குளிக்கக் கூடாது. மேலே காய்ந்த பாறையில் எல்லோருடைய துணியையும் செருப்பையும் மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். துணி பார்க்கிற ஆள் என்று பெயர். களவு போகாமல் பார்ப்பது பாதி வேலைதான். மீதிப் பாதி, தண்ணீரைப் பார்ப்பது. ஊருக்குள் வெயில் அடித்துக்கொண்டிருக்கும். மலைக்கு மேலே எங்கேயோ கொட்டும். தெளிவாக வருகிற தண்ணீரில் முதலில் சருகு வரும். அடுத்து நிறம் மாறி டீத்தண்ணி மாதிரி ஆகும். அதற்குப் பிறகு பேச நேரமில்லை. துணி பார்க்கிற ஆள் எழுந்து நின்று ஒரு துண்டைத் தலைக்குமேல் சுழற்ற வேண்டும். அருவிச் சத்தத்தில் கத்தினால் கேட்காது, அதனால்தான் துண்டு. கீழே குளிக்கிறவர்கள் அடிக்கடி மேலே திரும்பி, துண்டு சுழல்கிறதா என்று ஒரு பார்வை பார்த்துக்கொள்வார்கள்.

எங்கள் வீட்டில் அந்த ஆள் எப்போதும் நான்தான். யாரும் என்னை உட்காரச் சொல்லவில்லை. நானாகவே உட்கார்ந்துகொள்வேன். "கொளலு இருக்கா, பயமில்ல" என்று எல்லோரும் இறங்குவார்கள். அவர்களுடைய பயத்தையும் சேர்த்து நான் பயப்படுவேன் என்ற நம்பிக்கை.

எனக்குப் பார்க்கும் மாப்பிள்ளை மலையில்லாத ஊர்க்காரராக இருக்கட்டும் என்று வேண்டிக்கொண்டேன். பக்கத்திலேயே, மலை தெரிகிற ஆய்க்குடிக்காரர் வாய்த்தார். இங்கே கார்டிஃபில் பஸ் ஓட்டுகிறார். "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்" என்று எனக்குச் சொல்லியே அவருக்குத் தலை நரைத்துவிட்டது.

3

எங்களுக்கு ஒரே மகன். குலதெய்வம் இசக்கி அம்மன் பெயரை வைத்து இசக்கிமுத்து என்று பதிவு செய்தோம். பள்ளிக்கூட அலுவலகத்தில் இருந்த அம்மாள் பெயரைப் பார்த்துவிட்டு, "ஐசக் என்று சுருக்கிக்கொள்ளலாமா?" என்று கேட்டாள். என் வீட்டுக்காரர், பஸ்ஸில் நிறுத்தம் தவறியவரை அடுத்த நிறுத்தத்தில் இறக்கிவிடுவதைப் போல, "அதனாலென்ன" என்றுவிட்டார். அன்றைக்கு ஐசக் ஆனவன்தான். பதினைந்து வயதில் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் வந்தது. பதினேழில் கேட்டால் பதிலே வரவில்லை. காதில் எந்நேரமும் அந்தக் கருவி, மேசையைத் தட்டிக்கொண்டு வாய்க்குள் முணுமுணுப்பு.

ராப் பாடுகிறானாம். ஓவன் என்று ஒரு பள்ளித்தோழன், இந்த நாட்டுப் பையன். இருவரும் ஜோடியாக மேடை ஏறினார்கள். ஒருவன் வரியை விட்ட இடத்தில் மற்றவன் பிடிப்பான். ஆங்கிலம்தான். நான் ஒருமுறை கேட்கப் போனேன். மேடை உயரமாக இருக்கிறதே, விழுந்துவிடுவானே என்பதைத் தவிர எதுவும் மனதில் ஏறவில்லை.

பிறகு லண்டனில் ஒரு இசைக் கம்பெனி ஓவனை மட்டும் எடுத்துக்கொண்டது. அவன் போய்விட்டான். சண்டை போட்டுப் பிரிந்திருந்தாலாவது திட்டித் தீர்த்திருக்கலாம். ஓவன் நல்ல பையன், அழுதுகொண்டே போனான். என் மகன் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். ஜோடியில் பாதியாக இருந்து பழகியவனுக்குத் தனியாக வாய் திறக்க வரவில்லை. சாப்பாட்டுத் தட்டைக் கதவருகே வைத்துவிட்டு, உள்ளே மூச்சுச் சத்தம் கேட்கிறதா என்று நின்று பார்ப்பேன். அந்த மாதங்களை நினைக்க இன்றைக்கும் எனக்கு விருப்பமில்லை.

மாற்றமாக இருக்கட்டும் என்று, போன சீசனுக்கு முந்தின சீசனில் ஊருக்கு அனுப்பினோம். பாஸ்போர்ட்டில் ஓர் எழுத்தும் பிறப்புச் சான்றிதழில் ஓர் எழுத்தும் வேறு என்று விசாவுக்கு இழுத்தடித்தார்கள். ஒரே பிள்ளைக்கு இரண்டு பெயர் இருந்தால் எந்த அதிகாரிதான் நம்புவார்? ஒருவழியாகப் போய்ச் சேர்ந்தான். தென்காசியில் என் தம்பி சுடலைமுத்து மைக்செட் கடை வைத்திருக்கிறான். கொடை விழா, கல்யாணம், அரசியல் கூட்டம் எல்லாவற்றுக்கும் அவன் ஒலிபெருக்கிதான். அங்கே போய் இவன் உட்கார்ந்தான். உட்கார்ந்தவன் எழுந்து வரும்போது ஒரு பாட்டோடு வந்தான்.

தமிழ்ப் பாட்டு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இவனுக்கு ஏது தமிழ்? கேட்ட பிறகுதான் புரிந்தது, அது முழுக்க என் தமிழ். இருபது வருஷமாக நான் இவனிடம் பேசிய தமிழ். "விழுந்துராதலே. தொடாதலே. எங்கலே இருக்க? எதுக்குலே போனை எடுக்கல?" எல்லாம் வரிசையாக, தாளத்தில். நடுவில் ஒரு வரி: "பயந்து பயந்து வளத்தா எங்கம்மா, அந்தப் பயம்தாம்லே எனக்குப் பள்ளிக்கொடம்." பெயரும் ஐசக் இல்லை. இசக்கி. வெறும் இசக்கி. பாட்டுக்கு எடுத்த வீடியோவில் அந்தப் பெயரை நிறுத்தி நிறுத்திப் படித்தேன்.

பாட்டின் முடிவில்தான் அது வருகிறது. குற்றாலத்தில் வெள்ளம் வந்தால் ஊதுகிற எச்சரிக்கை சைரன். ஒருநாள் ஊதும்போது தன் போனில் பிடித்து வைத்துக்கொண்டிருக்கிறான். அதைக் கடைசித் தாளமாகப் போட்டு, வேறொரு நாள், தண்ணீர் அமைதியாக இருந்த நேரத்தில் படம் எடுத்திருக்கிறார்கள். படத்தில் இவன் ஆற்றில் கணுக்கால் அளவு நிற்கிறான். சைரன் ஊதுகிறது. எல்லோரும் ஏறுவார்கள். இவன் ஓர் அடி இறங்குகிறான். அதோடு முடிகிறது.

"என் பயத்துக்குள்ள நானே எறங்குதேன், அதாம்மா அர்த்தம்" என்றான். அர்த்தம் நன்றாகத்தான் இருந்தது. ஊரே கொண்டாடியது. புளியறைப் பக்கம் லாரிக்காரர்கள் வைத்துக் கேட்கிறார்கள் என்று தம்பி பூரித்துப் போனான். எனக்கும் பெருமை இல்லாமல் இல்லை. கதவைச் சாத்திக்கொண்ட பிள்ளை திறந்துகொண்டு வந்துவிட்டானே.

4

அந்தப் பெருமை கொஞ்ச நாள்தான் நின்றது.

ஒரு மதியம், ஆஸ்பத்திரிச் சாப்பாட்டு அறையில் சோற்றை மென்றுகொண்டே போனைத் தள்ளிக்கொண்டிருந்தேன். ஒரு ரீல்ஸ். நம்மூர்ப் பையன்கள் நாலு பேர் ஆற்றில் நிற்கிறார்கள். பாட்டின் சைரன் வருகிறது. நாலு பேரும் ஓர் அடி இறங்குகிறார்கள். சிரிக்கிறார்கள். அடுத்ததைத் தள்ளினேன். வேறு பையன்கள், வேறு படித்துறை, அதே அடி. அதற்கடுத்தது. ஒன்றில் இடுப்பளவுத் தண்ணீர். சோற்றை அப்படியே தள்ளி வைத்தேன்.

யோசித்துப் பாருங்கள். சைரன் ஊதினால் ஏற வேண்டும் என்று கால்களுக்குப் பழக்கிய ஊர் அது. அந்த ஊரில், சைரன் ஊதினால் இறங்க வேண்டும் என்று என் பிள்ளை கால்களுக்குக் கற்றுக் கொடுத்துவிட்டான். என் வயிற்றில் பிறந்தவன். துணி பார்க்கிறவள் பெற்ற பிள்ளை.

அன்று வீட்டுக்கு வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் கேட்டேன். "எய்யா, அந்தச் சைரன மட்டும் எடுத்துருய்யா."

"முடியாதும்மா."

"பயலுவ எறங்குதானுவலே. தண்ணி வந்தா என்ன செய்ய?"

"அது சும்மா ரீல்ஸும்மா. தண்ணி இல்லாத நேரமாப் பாத்துதான் எடுக்காங்க. உனக்கு எல்லாத்துக்கும் பயம்."

"ஆமா, பயம்தான். பயந்ததாலதான் நீ முழுசா நிக்க."

காதிலிருந்த கருவியைக் கழற்றி வைத்தான். பிறகு ஆங்கிலமும் தமிழுமாகச் சொன்னான். "ஓவன் போனப்பறம் நான் ஒண்ணுமே இல்லாம இருந்தேன். எனக்குன்னு கெடச்சது அந்த ஒரு சத்தம்தாம்மா. அத எடுத்துட்டா பாட்டே இல்ல. நானும் இல்ல."

அவன் அறைக் கதவைப் பார்த்தேன். மறுபடி சாத்திக்கொண்டால்? அதற்கும் பயம். அங்கே யாரோ பெற்ற பிள்ளைகள் ஆற்றில் இறங்குகிறார்கள், இங்கே நான் பெற்ற பிள்ளை அறைக்குள் போய்விடுவான். எந்தப் பயத்துக்கு இடம் கொடுப்பது? மேற்கொண்டு கேட்காமல் செருப்பைக் கழற்றப் போனேன்.

அடுத்த சீசனுக்கு ஊரில் அவன் தனியாக மேடை ஏறுவது என்று முடிவானது. முதல் தனிக் கச்சேரி, தம்பி ஏற்பாடு. நானும் கூடப் போவேன் என்று அடம்பிடித்தேன். ஊருக்குப் போய்ச் சேர்ந்து, தம்பி போலீஸ் அனுமதி கேட்கப் போனபோது நானும் பின்னால் நின்றேன்.

"ராப்புன்னா என்னது அண்ணாச்சி?" என்றார் அங்கிருந்த அதிகாரி.

"பாட்டு மாதிரிதான் சார். வேகமாப் பேசுவான்."

"பேச்சுன்னா வேற அனுமதிலா வாங்கணும். பாடச் சொல்லும்."

"பாடுவான் சார். பேசுத மாதிரி பாடுவான்."

அவர் என்னைப் பார்த்தார். "நீங்க யாரும்மா?" அவனுடைய அம்மா என்றேன். "பையன் பாட்டுல திட்டுதது நீங்கதானா?" என்று சிரித்துவிட்டு, வெளிச்சம் இருக்கும்போதே முடித்துவிட வேண்டும், ஆற்றுக்குள் யாரும் போகக் கூடாது என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

5

கச்சேரி நடக்கும் தென்னந்தோப்பு மேட்டில் இருந்தது. மேடையும் மேட்டில்தான். ஆனால் தோப்பின் ஓரத்திலிருந்து படித்துறை இறங்கி நேரே, அருவித் தண்ணீர் வரும் சிற்றாற்றில் முடிந்தது. அதைப் பார்த்ததும் என் கால் அங்கேயே நின்றுவிட்டது.

"சுடல, இங்கன ஒரு கயிறு கட்டுலே."

"எக்கா, நீ சும்மா கெட. பயலுவ பாட்டு கேக்க வாரானுவ, குளிக்கவா வாரானுவ?"

"நீ கட்டுதியா, நான் ஒஞ்சேலையக் கேட்டு வாங்கிக் கட்டவா?"

அவன் மனைவியின் சேலையைத்தான் சொன்னேன், வாய் குழறிவிட்டது. தம்பி சிரித்துச் சிரித்து, கடைசியில் பந்தல் கயிறு ஒன்றைத் தென்னைக்குத் தென்னை இழுத்து, படித்துறையின் குறுக்கே கட்டினான். "போதுமா தாயே?" என்றான்.

மதியத்துக்கு மேல் கூட்டம் வந்தது. கல்லூரிப் பையன்கள்தான் அதிகம். எல்லோரும் வந்த வேகத்தில் செருப்பைக் கழற்றிப் படித்துறைத் தலைமாட்டில் போட்டார்கள். என்னைப் பார்த்ததும் ஒருவன், "அத்த, இத கொஞ்சம் பாத்துக்கிடுங்க" என்று பையை வைத்தான். அவனைப் பார்த்து அடுத்தவன். சிலர் சட்டையைக் கழற்றித் தந்தார்கள். கடைசியாகச் சிவப்புச் சட்டை போட்ட ஒரு பையன், பண்பொழிக்காரனாம், "புதுச் சட்ட அத்த, நனஞ்சா அம்மா கொன்னுருவா" என்று மடித்து என் மடியிலேயே வைத்துவிட்டுப் போனான். பாட்டுக் கேட்க வந்தவன் சட்டை ஏன் நனையும் என்று அப்போதே கேட்டிருக்க வேண்டும்.

எங்கேயோ கார்டிஃபில் பிழைக்கிறவள், அத்தனை வருஷம் கழித்து, அதே ஆற்றங்கரையில் மறுபடி துணி பார்க்க உட்கார்ந்துவிட்டேன்.

இசக்கி மேடை ஏறினான். தனியாக. பக்கத்தில் ஓவன் நின்ற இடம் காலி. முதல் பாட்டில் குரல் நடுங்கியது, அது எனக்கு மட்டும்தான் கேட்டிருக்கும். இரண்டாவதில் பிடித்துக்கொண்டான். பையன்கள் கூடவே பாடினார்கள். நான் பாதி அவனையும் பாதி ஆற்றையும் பார்த்துக்கொண்டிருந்தேன். தோப்பில் சுள்ளென்று வெயில். மலைமேல் மட்டும் கறுத்து, உச்சியே தெரியவில்லை.

கடைசிப் பாட்டு தொடங்கியபோது தண்ணீரில் சருகு வந்தது.

ஒன்றிரண்டு என்று நினைத்தேன். பிறகு கொத்தாக வந்தது. தம்பிக்குப் போன் போட்டேன், அந்தச் சத்தத்தில் எடுப்பானா? எழுந்து கத்தினேன், என் சத்தம் எனக்கே கேட்கவில்லை. பாட்டு முடிவுக்கு வந்துவிட்டது. ஒலிபெருக்கியில் சைரன் கிளம்பியது. "ஓ" என்று கத்திக்கொண்டு பையன்கள் படித்துறைக்கு ஓடி வந்தார்கள். கயிற்றுக்கு அடியில் குனிந்து குனிந்து இறங்கினார்கள். தண்ணீரில் நின்று போனைத் தூக்கிப் பிடித்து, ஓர் அடி இறங்கினார்கள். அவர்கள் காலைச் சுற்றித் தண்ணீர் டீ நிறமாகிக்கொண்டிருந்தது. ஒருவனும் கீழே பார்க்கவில்லை.

அந்தப் பாட்டின் சைரன் எவ்வளவு நேரம் வரும், எந்த மூச்சில் அறுபடும் என்று எனக்கு அத்துப்படி. எத்தனை தடவை கேட்டுக் கேட்டு நடுங்கியிருக்கிறேன். அது நிற்க வேண்டிய இடத்தில் நிற்கவில்லை. தொடர்ந்து ஊதியது.

அருவிப் பக்கமிருந்து நிஜச் சைரன்.

எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. தோப்பில் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. இசக்கிதான் சைரனை நீட்டுகிறான் என்று நினைத்துத் தம்பி மிக்ஸரில் தாளத்தை இன்னும் ஏற்றிவிட்டான். மைக்செட்காரன் புத்தி, கூட்டம் கத்தினால் கை தானாக ஏற்றும். பையன்கள் குதித்தார்கள்.

அந்தச் சைரன் எங்கே முடியும் என்று தெரிந்தவன் இன்னொருவன் உண்டே. மேடையில் இசக்கி அப்படியே நின்றுவிட்டான். மைக்கை வாயிலிருந்து கீழே இறக்கினான். பிறகு அவன் கூட்டத்தைப் பார்க்கவில்லை, மாமாவைப் பார்க்கவில்லை. தலையைத் திருப்பி நேராக என்னைப் பார்த்தான். சின்ன வயதில் ஊருக்கு வரும்போதெல்லாம் தண்ணீரில் நின்றுகொண்டு, அம்மா துண்டைச் சுழற்றுகிறாளா என்று பார்ப்பானே, அந்தப் பார்வை.

கையில் பிடித்திருந்த சிவப்புச் சட்டையைத் தலைக்குமேல் சுழற்றினேன். தோள் கழன்றுவிடும்போல் சுழற்றினேன்.

"மாமா, நிப்பாட்டு!" என்று கத்தினான். தாளம் அறுந்தது. ஒலிபெருக்கியில் அவன் குரல் மட்டும், பாட்டும் இல்லை, பக்கவாத்தியமும் இல்லை.

"ஏலே, ஏறுங்கலே! அது பாட்டு இல்லலே, தண்ணி! ஏறுலே!"

சிரித்தார்கள். பாட்டின் அடுத்த பகுதி என்று நினைத்துக் கை தட்டினார்கள். அந்தச் சிரிப்பு இப்போதும் என் காதில் இருக்கிறது.

பிறகு அவன் திட்டத் தொடங்கினான். நான் திட்டுவதைப் போலவே, அதே இழுவை, அதே நடுக்கம், மூச்சு வாங்குகிற இடம்கூட அதே இடம். "கோட்டிக்காரப் பயலுவளா! பெத்தவ வயித்துல நெருப்பக் கட்டிட்டு அங்கன என்னலே படம் புடிக்க? போனத் தூரப் போடுலே! நீ என்னலே பாக்க, ஒன்னத்தான் சொல்லுதேன், சவத்து மூதி, ஏறு! சோறு கெடையாது பாத்துக்க! ஏறுலே, எய்யா, ஏறுய்யா!"

எந்தத் தாய் வீட்டுப் பிள்ளைக்கு அந்தக் குரல் தெரியாது? சைரனுக்கு இறங்கிய கால்கள் திட்டுக்கு ஏறின. அவர்கள் யோசித்து ஏறவில்லை. வீட்டில் அப்படித் திட்டு விழுந்தால் எழுந்து ஓடுவார்களே, அப்படி ஏறினார்கள். முட்டி மோதிக்கொண்டு வந்தார்கள். அவன் நிறுத்தவில்லை. கடைசிப் பையன் ஏறுகிறவரை திட்டினான், அழுதுகொண்டே திட்டினான்.

கடைசிப் பையன் சிவப்புச் சட்டைக்காரன். அவன் மேலிருந்து மூன்றாவது படியில் இருக்கும்போது தண்ணீர் கும்மென்று வந்தது. கால் எடுபட்டுவிட்டது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனால் மூடிக்கொண்டேன். திறந்தபோது அவன் பந்தல் கயிற்றில் தொங்கிக்கொண்டிருந்தான். தம்பியும் வேறு நாலு பேரும் கையைப் பிடித்து இழுத்துப் போட்டார்கள். அவன் நின்ற படியும் அதற்கு மேல் படியும் தண்ணீருக்குள் போய்விட்டன.

பிறகு ஒவ்வொருவராக என்னிடம் வந்தார்கள். "அத்த, என் செருப்பு." கொடுத்தால் என் கண்ணை விட்டுப் போய்விடுவார்கள் என்று நான் கொடுக்கவில்லை. எல்லாச் செருப்பையும் கட்டிப் பிடித்துக்கொண்டு, "தர மாட்டேன், போங்கலே" என்று ஓவென்று அழுதேன். அத்தனை பேரும் வெறுங்காலோடு சுற்றி நின்றார்கள்.

6

அன்றைக்கே இசக்கி அந்தப் பாட்டை இணையத்திலிருந்து எடுத்துவிட்டான். எத்தனையோ பேர் கேட்ட பாட்டு, அவனை இசக்கி ஆக்கிய பாட்டு. நான் கேட்கவில்லை, அவனாக எடுத்தான். கார்டிஃப் திரும்பி, ஒரு கிடங்கில் பெட்டி தூக்கும் வேலைக்குப் போனான். மறுபடி கதவு சாத்திக்கொள்ளுமோ என்று ராத்திரியெல்லாம் காதைத் தீட்டிக்கொண்டு கிடந்தேன்.

சாத்தவில்லை. குளிர்காலத்தில் ஒருநாள் அடுப்படிக்கு வந்து போனை மேசையில் வைத்தான். தம்பி தன் மிக்ஸரில் அந்தக் கச்சேரியை வழக்கம்போலப் பதிவு செய்து வைத்திருந்திருக்கிறான். அந்தத் திட்டுதான். அதைக் கேட்டுக் கேட்டு, இவன் புதிதாகப் பாடியிருந்தான். தாளமே இல்லை. ஒரு குரல், மூச்சு, இடையில் வெறும் அமைதி. அவ்வளவுதான். கேட்டு முடிக்கும்போது மேசை விளிம்பை இறுகப் பிடித்திருந்தேன்.

"முந்தி பாடுனது தனியா பாடுனது இல்லம்மா. ஓவன் நின்ன எடத்துல சைரன நிக்க வச்சிருந்தேன். இப்பதான் அங்கன யாரும் இல்ல" என்றான்.

"பயமா இல்லியாலே?"

"பயமாத்தான் இருக்கு."

அதுதான் இப்போது ஊரெல்லாம் கேட்கிற பாட்டு. லண்டனிலிருந்து ஓவன் கூப்பிட்டு, "இதில் எனக்கு இடமே இல்லையே" என்று சொன்னானாம். அதை இவன் பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டான். போன மாதம் இங்கே ஒரு மேடையில், ஒரு தமிழ் வார்த்தைகூடத் தெரியாத கூட்டம் அந்தத் திட்டைக் கேட்டு மூச்சுவிடாமல் நின்றது. கடைசி வரிசையில் நானும் இருந்தேன். மேடை உயரம்தான், இருந்தாலும் அன்றைக்கு அவனைத்தான் பார்த்தேன்.

ஆனால் எடுத்துவிட்ட பாட்டு அழியவில்லை. இவனுடைய இணையப் பக்கத்தில் மட்டும்தான் அழிந்தது. ஆயிரம் பேர் போனில் இறக்கி வைத்திருக்கிறார்கள். தேடினால் அந்த ரீல்ஸ் இன்றைக்கும் வருகிறது. பையன்கள் இறங்கிக்கொண்டேதான் இருக்கிறார்கள். வெளியே விட்டதைத் திரும்பக் கூப்பிட முடியாது. அபாய மணிக்கு நேற்று நான் மட்டும் ஏன் ஓடினேன் என்று ஜேனட்டுக்குச் சொல்ல வேண்டுமானால் இத்தனையும் சொல்ல வேண்டும்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே தம்பியிடமிருந்து ஒரு வீடியோ வந்தது. அதே படித்துறை, இப்போதுதான் எடுத்தது, தண்ணீர் டீ நிறத்தில். சைரன் ஊதுகிறது. பையன்கள் ஒருவனை ஒருவன் "ஏறுலே மூதி, சோறு கெடையாது" என்று என் குரலில் திட்டிக்கொண்டு, சிரித்துக்கொண்டு ஏறுகிறார்கள். சந்தோஷப்பட வேண்டியவள்தான். ஆனால் ஓரத்தில் ஒருவன், போனைத் தூக்கிப் பிடித்து, ஓர் அடி இறங்குகிறான். வீடியோ அதோடு முடிந்துவிட்டது.

ஏறியவர்கள் என் கண்ணிலேயே நிற்கவில்லை. "சுடல, அந்தப் பையன் துணிய யாருலே பாக்கா?" என்று குரல்செய்தி அனுப்பினேன். பதில் இல்லை. அவன் ஏதோ பதிவு செய்துகொண்டிருப்பதாகப் போன் காட்டியது. காட்டிக்கொண்டே இருந்தது. அடுப்பில் பால் பொங்கி வழிந்ததைப் பார்த்துக்கொண்டு நின்றேன், அணைக்கக் கை போகவில்லை.

பிறகு வந்தது. முதலில் சைரன். அதற்குமேல் தம்பியின் தொண்டை கிழிகிற சத்தம், "ஏறுலே, எய்யா, ஏறுய்யா" என்று. தண்ணீர்ச் சத்தம். நெடுநேரம் தண்ணீர்ச் சத்தம் மட்டும்.

"எக்கா, நாந்தான் பாத்துக்கிட்டு நிக்கேன். சீசன் ஆரம்பிச்சதுலேருந்து கடைய மத்தியானமே சாத்திட்டு, துண்டோட இங்கனதான் நிக்கேன். ஒங்கிட்ட சொன்னா நீ பயப்படுவியேன்னு சொல்லல. ஏறிட்டாங்க்கா. எறங்குன பயலும் ஏறிட்டான். செருப்பக் கேட்டு நிக்கான்."

"குடுக்காதலே" என்றேன்.